தாத்தாவை ‘அவன்’ என்று எழுதலாமா? – வாசகர் கேள்வி பதில்

சொந்த வாழ்க்கையையும் குடும்ப வரலாற்றையும் கதையாகவோ தன்வரலாறாகவோ எழுத முனைந்திருக்கும் வாசகர்கள் அனுப்பிய கேள்விகளுக்கு இந்த இதழில் பதில் தருகிறோம்.

கேள்வி: அம்மாவுக்கு 80 வயது. அவர் வாழ்க்கையை வைத்து ஒரு நாவல் எழுத ஆசை. உட்கார்ந்து கேட்டால், வீட்டில் எல்லாருக்கும் மனப்பாடமான அதே நாலைந்து கதைகளை அதே வார்த்தைகளில் சொல்கிறார். அதற்கு மேல் நகரவில்லை. எப்படிக் கேட்பது?

பதில்: அந்த நாலைந்து கதைகளும் ஏற்கெனவே எழுதி முடிக்கப்பட்டவை. எந்த இடத்தில் கேட்பவர் சிரிப்பார், எந்த இடத்தில் உச்சுக்கொட்டுவார் என்று பல்லாண்டுகள் பார்த்துப் பார்த்து அம்மாவே செப்பனிட்டவை. கதைக்குப் பொருந்தாத ஆட்களும் சங்கடமான காரணங்களும் வழியிலேயே உதிர்ந்துபோயிருக்கும். குடும்பத்தை எழுத வருகிறவரின் முதல் வேலை, இப்படி முடிந்துபோன கதையைப் பிரிப்பதுதான்.

‘என்ன நடந்தது?’ என்று கேட்டால் பழைய கதைதான் திரும்ப வரும். இடத்தைப் பற்றியும் பொருள்களைப் பற்றியும் கேளுங்கள். ஒரு வெள்ளைத் தாளை எடுத்து, அம்மா 10 வயதில் இருந்த வீட்டின் வரைபடத்தைப் போடச் சொல்லுங்கள்; கை நடுங்கினால் அவர் சொல்லச் சொல்ல நீங்கள் போடுங்கள். வாசல் எந்தப் பக்கம், யார் எங்கே படுப்பார்கள், விளக்கு எங்கே இருக்கும், எந்தப் பெட்டிக்குப் பூட்டு உண்டு, சாவி யாரிடம்? சாவி பற்றிய கேள்வி பெரும்பாலும் வீண்போகாது. யாரிடம் அதிகாரம் இருந்தது, யாரை யார் நம்பவில்லை என்பது அங்கேதான் வெளிவரும். அதுவரை எந்தக் கதையிலும் தலைகாட்டாத ஓர் அத்தையோ கடன்காரரோ அந்த அறைக்குள் வந்து நிற்பார்.

முதியவர்களின் நினைவு 10 வயதுக்கும் 30 வயதுக்கும் இடைப்பட்ட காலத்தைப் பற்றித்தான் மிக அடர்த்தியாக இருக்கும் என்பது உளவியலில் பலமுறை உறுதிப்பட்ட விஷயம். அங்கிருந்தே தொடங்குங்கள். பிந்தைய காலத்துக்கு உங்களையும் சேர்த்து வேறு சாட்சிகள் இருக்கிறார்கள்.

ஓர் அமர்வு 45 நிமிடம் போதும். ஒரு மணி நேரத்தைத் தாண்ட வேண்டாம். அறையில் இன்னொரு உறவினர் இருக்கக் கூடாது. இருந்தால் ‘அது அப்படியில்லை’ என்று திருத்த ஆரம்பிப்பார், அம்மா பழைய கதைக்கே ஒதுங்கிவிடுவார். கைபேசியை அழைப்பு வராத நிலையில் வைத்து, மடித்த துணியின் மேல் அவருக்கு ஒரு முழ தூரத்தில் வையுங்கள். வெறும் மேசைமேல் வைத்தால் கை படும் ஓசையெல்லாம் பதிவில் இடிபோல் விழும். மின்விசிறியை அணைத்துவிடுங்கள். தேதி, பெயர், பதிவு செய்ய அவர் தரும் சம்மதம் மூன்றும் முதல் நிமிடத்தில் பதிவாகட்டும். அன்றிரவே இரண்டு இடங்களில் பிரதி எடுத்து வையுங்கள்.

அவர் ஒரு பதிலை முடித்ததும் அடுத்த கேள்விக்குத் தாவாமல் மனதுக்குள் 5 வரை எண்ணுங்கள். அந்த மௌனத்தில்தான் ‘ஆனா ஒண்ணு…’ என்று தொடங்குவார். ‘ரொம்ப வருத்தமா இருந்துச்சாம்மா?’ என்று கேட்காதீர்கள். ‘ஆமாம்’ என்று சொல்லி முடித்துவிடுவார். இரண்டு வாரம் கழித்து அதே நிகழ்ச்சியை வேறொரு பொருளை வைத்துக் கேளுங்கள். பதில் மாறியிருந்தால் சுட்டிக்காட்ட வேண்டாம், இரண்டையும் குறித்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: பதிவுகள், கடிதங்கள், பழைய கணக்கு நோட்டுகள் என்று ஒரு பெட்டி நிறையச் சேர்ந்துவிட்டது. எழுத உட்கார்ந்தால் எதை எடுப்பது என்று தெரியாமல் மலைப்பாக இருக்கிறது.

பதில்: பதிவுகளை முதலில் எழுத்தாக்குங்கள். ஒரு மணி நேரப் பேச்சை எழுத நாலைந்து மணி நேரம் ஆகும், அதற்குத் தயாராக இருங்கள். பேச்சைத் திருத்தி எழுதாதீர்கள். சொன்னதையே திரும்பச் சொல்வது, பாதியில் நிறுத்துவது, பெயர் சொல்லாமல் ‘அந்த ஆளு’ என்று மட்டும் குறிப்பிடுவது எல்லாம் பாத்திரத்தின் குரலாகப் பின்னால் பயன்படும்.

பிறகு ஒவ்வொரு தகவலின் பக்கத்திலும் ஓர் எழுத்தைப் போடுங்கள். ஆவணத்தில் இருந்தால் ‘ஆ’, நீங்களே பார்த்திருந்தால் ‘பா’, பிறர் சொல்லிக் கேட்டது ‘கே’, உங்கள் ஊகம் ‘ஊ’. பார்க்கச் சின்ன வேலைதான். ஆனால் இதைச் செய்யாதவர்கள், இரண்டாம் வரைவு வருவதற்குள் தாங்கள் ஊகித்ததையே கேட்டதாக நம்பத் தொடங்கிவிடுகிறார்கள். கேட்டதையும் பார்த்ததையும் மனம் இன்னும் எளிதாகக் கலந்துவிடும்.

கேள்வி: 15 வயதில் தனியாக ஊரைவிட்டுப் போய் வேலைக்குச் சேர்ந்ததாக அப்பா உறுதியாகச் சொல்கிறார். கிடைத்த சான்றிதழைப் பார்த்தால் அப்போது அவருக்கு 19 வயது. எதை எழுதுவது?

பதில்: முதலில் நாலு பத்திகள் கொண்ட ஓர் அட்டவணை போடுங்கள்: ஆண்டு, வீட்டில் நடந்தது, வெளியே நடந்தது, அந்த ஆண்டில் ஒவ்வொருவரின் வயது. முரண்பாடுகளில் பெரும்பாலானவை நான்காவது பத்தியில்தான் பிடிபடும். அப்பாவின் தம்பிக்கு அப்போது என்ன வயது, அவர் சொல்லும் ரயில் பாதை அந்த ஆண்டில் இருந்ததா என்று பாருங்கள். ஆவணத்தையும் கண்ணை மூடிக்கொண்டு நம்ப வேண்டாம். பிறந்த தேதி வேறொரு தேவைக்காக மாற்றிச் சொல்லப்பட்டிருக்கலாம். இறப்புப் பதிவில் உள்ள வயது, துக்கத்தில் இருந்த ஓர் உறவினர் தோராயமாகச் சொன்னதாக இருக்கலாம்.

அப்பா பொய் சொல்கிறார் என்றும் முடிவுகட்ட வேண்டாம். 1986 ஜனவரி 28 அன்று சேலஞ்சர் விண்கலம் வெடித்தது. உளவியலாளர் உல்ரிக் நைசர் மறுநாளே தம் மாணவர்களிடம், அந்தச் செய்தியை எங்கே, யார் மூலம் கேட்டார்கள் என்று எழுதி வாங்கிக்கொண்டார். சில ஆண்டுகள் கழித்துக் கேட்டபோது பலருடைய பதில் அடியோடு மாறியிருந்தது. சொல்வதில் இருந்த உறுதி மட்டும் குறையவில்லை. தாங்களே எழுதிய தாளைக் காட்டிய பிறகும் அவர்களுக்குப் பழைய நினைவு திரும்பவில்லை.

இந்த இடத்தில் எழுத்தாளர் என்ன செய்ய முடியும் என்பதற்கு ஆர்ட் ஸ்பீகல்மனின் ‘மவுஸ்’ நல்ல பாடம். நாஜி வதைமுகாம்களில் இருந்து மீண்ட தம் தந்தையைப் பேசவைத்து, ஒலிநாடாவில் பதிந்து அவர் உருவாக்கிய சித்திர நூல் அது. ஆஷ்விட்ஸ் முகாம் வாசலில் இசைக்குழு வாசித்தது ஆவணங்களில் உள்ள செய்தி. தந்தையோ அப்படி எதையும் பார்த்த நினைவில்லை, அணிவகுத்து நடந்ததுதான் நினைவிருக்கிறது என்கிறார். ஸ்பீகல்மன் முதல் கட்டத்தில் இசைக்குழுவை வரைகிறார். தந்தை மறுத்த பிறகு வரும் கட்டத்தில் நடந்துபோகும் கைதிகளை வரைகிறார். அவர்களுக்குப் பின்னால் வாத்தியங்களின் சிறு பகுதிகள் மட்டும் தெரிகின்றன. ஆவணமும் நிற்கிறது, தந்தையின் சொல்லும் நிற்கிறது.

நீங்களும் இரண்டையும் வையுங்கள். ‘15 வயது என்பார் அப்பா. சான்றிதழ் 19 என்கிறது’ என்று நேராகவே எழுதலாம். தன்னை நாலு வயது இளையவனாக ஏன் நினைத்துக்கொள்கிறார் என்ற கேள்வி அதிலிருந்து எழும். உங்கள் நூலின் சிறந்த அத்தியாயம் அந்தக் கேள்வியில் இருக்க வாய்ப்பு அதிகம்.

கேள்வி: தாத்தாவின் இளம்பருவத்தை எழுதும்போது ‘அவன் ஓடினான்’ என்று எழுதக் கை வரவில்லை. ‘அவர் ஓடினார்’ என்றால் சரியாக ஒட்டவில்லை. என்ன செய்வது?

பதில்: ‘அவன்’ என்றே எழுதுங்கள். ‘தாத்தா மரத்திலிருந்து குதித்தார்’ என்று எழுதினால் வாசகர் கண்ணில் ஒரு கிழவர் குதிப்பார். 12 வயதில் அவர் யாருக்கும் தாத்தா இல்லை. அந்த வயதில் அவருக்கு அடிபட்டிருக்கும், அவர் திருடியிருப்பார், பயந்திருப்பார். ‘அவர்’ என்ற மரியாதை இதையெல்லாம் மூடிவிடும். குடும்பத்தின் முடிந்த கதை தன்னைக் காத்துக்கொள்வது இந்த விகுதியில்தான்.

நாங்கள் பரிந்துரைக்கும் முறை இதுதான். நீங்கள் பிறப்பதற்கு முந்தைய அத்தியாயங்களில் அவருக்குப் பெயரும் ‘அவன்’ என்ற சுட்டும் போதும். நீங்கள் குழந்தையாகப் பார்க்கும் அத்தியாயங்களில் ‘தாத்தா’, ‘அவர்’ என்று எழுதுங்கள். அத்தியாயம் முடியும் இடத்தில்தான் மாற்ற வேண்டும், பத்தி நடுவில் மாற்றினால் அது பிழைபோலத் தெரியும்.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். அப்பாவை ‘சொன்னார்’ என்றும் அம்மாவை ‘சொன்னாள்’ என்றும் எழுதும் பழக்கம் நம்மில் பலருக்கு உண்டு. வீட்டில் பேசும் வழக்கம் அது. தெரிந்தே அப்படி எழுதினால் அந்த வீட்டின் நிலைமையை விகுதியே சொல்லிவிடும். தெரியாமல் எழுதினால் அம்மா பாத்திரம் முழுதும் ஒரு படி கீழேயே நிற்கும். முதல் வரைவு முடிந்ததும் ஒவ்வொரு அத்தியாயத்திலும் வினைமுற்றுகளை மட்டும் ஒரு தடவை ஓட்டிப் பாருங்கள். ஒரே பக்கத்தில் ‘வந்தார்’, ‘வந்தான்’ கலந்திருப்பது மிகச் சாதாரணமாக நேரும் பிழை.

கேள்வி: பாட்டியைப் பற்றி அழுதுகொண்டே எழுதினேன். படித்த நண்பர்கள் ‘நல்லா இருக்கு’ என்பதோடு நிறுத்திக்கொண்டார்கள். எங்கே தவறு?

பதில்: நீங்கள் அனுப்பிய பகுதி இப்படி இருக்கிறது: ‘பாட்டி எவ்வளவோ துன்பங்களைச் சுமந்தார். வறுமையிலும் தன்மானத்தை விட்டுக்கொடுக்காமல் ஐந்து பிள்ளைகளை ஆளாக்கினார். மாதக் கடைசியில் எண்ணெயை மிச்சம் பிடித்துக் குடும்பத்தை நடத்திய அவருடைய தியாகத்தை வார்த்தைகளால் சொல்ல முடியாது.’

துன்பம், வறுமை, தன்மானம், தியாகம். நாலுமே தீர்ப்புகள். வாசகர் தாமே எட்ட வேண்டிய முடிவுகளை நீங்கள் முன்னதாகவே அறிவித்துவிட்டீர்கள். ஆனால் ‘எண்ணெயை மிச்சம் பிடித்து’ என்ற மூன்று சொற்களுக்குள் ஒரு காட்சி இருக்கிறது. எண்ணெய் எப்படி மிச்சமானது என்று மட்டும் கேட்டுப் பார்த்தால் இப்படி எழுதலாம்:

‘மாதத்தின் கடைசி வாரம் விளக்கை ஒரு மணி நேரம் முன்னதாகவே அணைத்துவிடுவாள். சீக்கிரம் தூங்கினால் சீக்கிரம் வளரலாம் என்பாள். மூத்தவனுக்கு 12 வயது, அவன் நம்பவில்லை. நம்பியவன் போலக் கண்ணை மூடிக்கொண்டான். விழித்துக்கொண்டிருந்த தம்பியின் கண்ணையும் கையால் மூடினான்.’

ஒரு வழக்கமான செயல், பாட்டியின் ஒரு வாக்கியம், அந்த வாக்கியத்தைப் புரிந்துகொண்டுவிட்ட ஒரு சாட்சி. இந்த மூன்றும் சேர்ந்தால் வறுமை என்ற சொல் தேவைப்படாது. மூத்தவனை எடுத்துவிட்டுப் படித்துப் பாருங்கள்; பாட்டி மறுபடி நல்லவராக மட்டும் ஆகிவிடுவார். ஒருவருடைய பெருமையைக் காட்ட, அதை அருகில் இருந்து பார்த்த இன்னொருவரின் கண் வேண்டும்.

தகவல்களின் பக்கத்தில் போடச் சொன்ன ‘ஆ’, ‘பா’, ‘கே’, ‘ஊ’ எழுத்துகளை இங்கே பொருத்திப் பாருங்கள். விளக்கை அணைத்த செய்தியும் பாட்டியின் சொல்லும் ‘கே’ என்றால், மூத்தவன் நம்பாதது ‘ஊ’. நாவலில் இந்த வாக்கியம் அப்படியே நிற்கலாம். தன்வரலாறு என்றால் ‘அவன் நம்பியிருக்க மாட்டான்’ என்று மாற வேண்டும்.

கேள்வி: நான் எழுதுவது நாவலா, தன்வரலாறா? எப்படி முடிவு செய்வது? பழைய உரையாடல்களைக் கற்பனையாக எழுதலாமா?

பதில்: பிரெஞ்சு ஆய்வாளர் ஃபிலிப் லெழன் 1975இல் இதற்கு ஒரு தெளிவான அளவுகோலைத் தந்தார். அட்டையில் உள்ள பெயர், கதை சொல்பவரின் பெயர், கதையின் நாயகரின் பெயர் மூன்றும் ஒன்றானால், அது வாசகரோடு செய்துகொள்ளும் ஒப்பந்தம்: இது நடந்தது. இரண்டுக்கும் நடுவில் எழுதுகிறவர்களுக்காகத் ‘தன்புனைவு’ என்ற வகைக்குப் பிரெஞ்சு எழுத்தாளர் செர்ஜ் தூப்ரோவ்ஸ்கி 1977இல் பெயரிட்டார். மறுபக்கம், தோல்ஸ்தோய் தம் தாய்வழித் தாத்தா வோல்கோன்ஸ்கியை ஓர் எழுத்து மாற்றிப் போல்கோன்ஸ்கி ஆக்கி ‘போரும் அமைதியும்’ நாவலுக்குள் கொண்டுவந்தார். ஒப்பந்தம் நாவல் என்பதால், அந்தப் பாத்திரத்தின் வாயில் எந்த வார்த்தையையும் வைக்கும் உரிமை தோல்ஸ்தோய்க்குக் கிடைத்தது.

உங்கள் முக்கியமான பத்துக் காட்சிகளை எடுத்துக்கொண்டு, அவை எந்த எழுத்துகளில் நிற்கின்றன என்று பாருங்கள். பாதிக்கு மேல் ‘ஊ’ என்றால் நாவலாக எழுதுவதே நேர்மை. தன்வரலாற்றில் நீண்ட பழைய உரையாடல் வேண்டாம். 40 ஆண்டுக்கு முந்தைய இரண்டு பக்கப் பேச்சை யாரும் நினைவில் வைத்திருக்க முடியாது என்பது வாசகருக்குத் தெரியும். குடும்பத்தில் திரும்பத் திரும்பச் சொல்லப்பட்ட ஒற்றை வாக்கியங்களை மேற்கோளாகக் கொடுங்கள், மீதியை ‘என்ற பொருளில் சொன்னார்’ என்று சுருக்குங்கள். கேள்விப்பட்டதைச் சொல்ல ‘அணைத்துவிடுவாளாம்’ என்ற வடிவம் கைவசம் இருக்கிறது. அதை அத்தியாயத் தொடக்கத்தில் இரண்டு மூன்று முறை போட்டால் போதும், பிறகு சாதாரண இறந்தகாலத்தில் செல்லலாம். எல்லா வாக்கியத்திலும் வந்தால் சலிக்கும்.

கேள்வி: உறவினர்கள் மனம் புண்படுமே என்று பயமாக இருக்கிறது. யாரிடம், எப்போது காட்டுவது?

பதில்: ஜெர்மன் எழுத்தாளர் தாமஸ் மன் ‘புடன்புரூக்ஸ்’ நாவலை 1901இல் வெளியிட்டார். தம் குடும்பத்தை வைத்து எழுதியது. ஓர் அத்தையின் வாழ்க்கையைப் பற்றித் தங்கைக்கு எழுதிக் கேட்டு, அவர் அனுப்பிய நீண்ட கடிதத்தையும் பயன்படுத்திக்கொண்டார். நாவல் வந்து 12 ஆண்டுகள் கழித்து, பாத்திரமாக்கப்பட்ட சித்தப்பா உள்ளூர்ப் பத்திரிகையில் விளம்பரமே கொடுத்துத் தம் வருத்தத்தைத் தெரிவித்தார். பெயர் மாற்றிய நாவலுக்கே இந்த நிலை. பெயரை மட்டும் மாற்றினால் யாரும் கண்டுகொள்ள மாட்டார்கள் என்று நம்ப வேண்டாம்.

உயிரோடு இருப்பவர்கள் அனைவரின் பட்டியலையும் எழுதுங்கள். ஒரு பக்கத்தில் வந்துபோகிறவர்களுக்குப் பெயரோடு தொழில், வயது, தோற்றம் எல்லாவற்றையும் மாற்றுங்கள். நாவலானால் இரண்டு மூன்று பேரை ஒருவராக இணைக்கலாம். முக்கியமானவர்களுக்கு இரண்டாம் வரைவு முடிந்ததும், அவர்கள் வரும் பக்கங்களை மட்டும் தாளில் அச்செடுத்துக் கொடுங்கள். முதல் வரைவைக் காட்டினால் அவர்கள் முகத்தைப் பார்த்தே எழுதத் தொடங்கிவிடுவீர்கள். ‘வெளியிடலாமா?’ என்று கேட்காதீர்கள். கேட்டுவிட்டு மீறுவது கேட்காமல் இருப்பதைவிடக் கொடுமை. ‘இதில் தகவல் பிழை இருக்கிறதா?’ என்று கேளுங்கள். எதை மாற்றுவீர்கள் என்பதை முன்பே தீர்மானித்துக்கொள்ளுங்கள். குழந்தைகளைப் பற்றியது, நோய் விவரம், மூன்றாமவரின் ரகசியம் ஆகியவற்றைத் தயங்காமல் நீக்கலாம். நீங்கள் பார்த்ததையும் உங்களுக்கு நேர்ந்ததையும் விட்டுக்கொடுக்க வேண்டியதில்லை.

சட்டம் நாட்டுக்கு நாடு வேறுபடும். குற்றமாகக் கருதப்படக்கூடிய செயலை ஒருவர்மேல் சொல்கிறீர்கள் என்றால், சான்று கையில் இருந்தாலும் வழக்கறிஞரிடம் அந்தப் பக்கங்களைக் காட்டிவிடுங்கள்.

கேள்வி: அத்தை எனக்கு எழுதிய கடிதங்களை அப்படியே நூலில் சேர்க்கலாமா? கடிதங்கள் என்னிடம்தானே இருக்கின்றன?

பதில்: தாள் உங்களுடையது, எழுத்து அத்தையுடையது. பெரும்பாலான நாடுகளில் கடிதத்தின் பதிப்புரிமை எழுதியவருக்கும், அவருக்குப் பின் அவருடைய வாரிசுகளுக்கும் உரியது. பதிப்புரிமை பற்றிய பன்னாட்டு ஒப்பந்தமான பெர்ன் ஒப்பந்தப்படி அது எழுதியவர் இறந்து குறைந்தது 50 ஆண்டுகள் நீடிக்கும்; 60, 70 ஆண்டுகள் என்று வைத்திருக்கும் நாடுகளும் உண்டு. அமெரிக்க நாவலாசிரியர் ஜே. டி. சாலிஞ்சர் எழுதிய, நூலகங்களில் யாரும் பார்க்கக்கூடியதாக இருந்த கடிதங்களை ஒரு வாழ்க்கை வரலாற்றாசிரியர் பயன்படுத்தியபோது, 1987இல் அமெரிக்க நீதிமன்றம் அந்த நூலைத் தடுத்தது. வாரிசுகளிடம் எழுத்தில் அனுமதி வாங்குங்கள். கிடைக்காவிட்டால் கடிதம் தரும் தகவலை உங்கள் சொற்களில் எழுதுங்கள்.

கேள்வி: மூன்று தலைமுறை, நாற்பது பேர். முப்பாட்டனார் காலத்திலிருந்து வரிசையாக எழுதினேன். நூறு பக்கம் ஆகியும் கதை தொடங்கவில்லை.

பதில்: வரிசையை விட்டுவிடுங்கள். குடும்பம் உடைந்த அல்லது உடையவிருந்த ஒரு நாளைத் தேர்ந்தெடுங்கள்: வீட்டை விற்ற நாள், சொத்து பிரித்த நாள். அன்று கூடியவர்கள்தான் உங்கள் பாத்திரங்கள். அதற்குமுன் நடந்ததில், அந்த நாளைப் புரிந்துகொள்ளத் தேவையானது மட்டும் உள்ளே வரட்டும்.

யார் கண் வழியாக என்பது அடுத்தது. நீல. பத்மநாபனின் ‘தலைமுறைகள்’ (1968) பெரிய உறவுக் கூட்டத்தைக் காட்டினாலும் திரவி என்ற இளைஞனைப் பற்றிக்கொண்டே நகர்கிறது. அதனால் வாசகர் தொலைந்துபோவதில்லை. பாமாவின் ‘கருக்கு’ (1992) வேறு வழியில் போகிறது. பிறப்பில் தொடங்கி ஆண்டு ஆண்டாகச் செல்லாமல், ஒரே வாழ்க்கைக்கு விஷயம் விஷயமாகத் திரும்பத் திரும்ப வருகிறது. இரண்டில் எது உங்களுக்கு என்பதை, கையில் உள்ள பொருள் தீர்மானிக்கட்டும். தொடர் நிகழ்ச்சிகள் அதிகம் என்றால் முதல் வழி. துண்டுதுண்டான நினைவுகள்தான் உண்டு என்றால் இரண்டாவது.

பெரியப்பா, சின்ன மாமா என்று உறவுமுறையை மட்டும் எழுதினால், அது யாருக்குப் பெரியப்பா என்று வாசகர் ஒவ்வொரு முறையும் கணக்குப் போட வேண்டியிருக்கும். எல்லாருக்கும் பெயர் கொடுத்து, உறவைக் கதை சொல்பவரின் நிலையிலிருந்து மட்டும் சொல்லுங்கள்.

கேள்வி: அப்பா மூன்று ஆண்டுகள் வீட்டைவிட்டுப் போயிருந்தார். எங்கே போனார் என்று அவரும் சொன்னதில்லை, வேறு யாருக்கும் தெரியாது. அவரும் இப்போது இல்லை. அந்த இடத்தை எப்படி நிரப்புவது?

பதில்: தன்வரலாறானால் நிரப்ப வேண்டாம். அந்த மூன்று ஆண்டின் இரண்டு ஓரங்களையும் எழுதுங்கள்: போன நாள், திரும்பிய நாள். போனவரும் திரும்பியவரும் எதில் வேறுபட்டார்கள்? புதிதாக ஒரு மொழியோ கைத்தொழிலோ தெரிந்திருந்ததா? தூங்கும் நேரம் மாறியதா? சாப்பிடும் வேகம், கோபம், கையெழுத்து? அந்தக் காலத்தில் ஏதாவது கடிதம் வந்திருந்தால் அஞ்சல் முத்திரையைப் பூதக்கண்ணாடி வைத்துப் பாருங்கள். இரண்டு மூன்று சாத்தியங்களை, இவை சாத்தியங்களே என்று சொல்லிவிட்டு அடுத்தடுத்து எழுதலாம்.

நாவலானால் முழுதாகக் கற்பனை செய்யலாம். அப்போது பலர் சறுக்குவது ஒரே இடத்தில்: போனதற்குப் பெரிய தியாகத்தையோ பெரிய ரகசியத்தையோ காரணமாக வைத்துவிடுகிறார்கள். வீட்டில் பிறகு நடந்த எல்லாவற்றுக்கும் அதுவே விளக்கமாகிவிடுகிறது, மற்ற பாத்திரங்களுக்கு வேலை இல்லாமல் போகிறது. சின்னக் காரணமாக வைத்துப் பாருங்கள். திரும்பி வர வெட்கம் என்பதே மூன்று ஆண்டுக்குப் போதும்.

எந்த வடிவமானாலும் திரும்பிய நாளை முதலில் எழுதுங்கள். அன்று வீட்டில் இருந்தவர்களில் மூவரிடம், ஒருவருக்குத் தெரியாமல் ஒருவரிடம், அப்பா கையில் என்ன கொண்டுவந்தார் என்று கேளுங்கள். பதில்கள் வேறுவேறாக இருந்தால் ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டாம். சொன்னவரின் பெயரோடு மூன்றையும் எழுதுங்கள்.